பதினாலாம் நம்பர் வீட்டு முன்வாசல்

இன்னும் கிட்ட வந்து உக்காருங்க. இது கோர்ட்டு சமாச்சாரம். சத்தமாச் சொன்னா நமக்கும் நோட்டீசு வந்துரும்.

காரைக்குடிப் பக்கத்துல ஓர் ஊரு, பேரு வேண்டாம். அங்க உமையாள் ஆச்சிக்கு ஒரு வீடு. முன்வாசல் ஒரு தெரு, பின்வாசல் அடுத்த தெரு. வருசம் பூராவும் பூட்டிக் கிடந்து, கல்யாணம்னா திறக்குற வீடு. தை மாசம் மக விசாலத்துக்குக் கல்யாணம்னு நாலு மாசம் முன்னாடியே ஆச்சி சென்னையிலேர்ந்து வந்து பார்த்தா, முன்வாசலை அடைச்சு ஆளுயரத்துக்குச் சிமிட்டி எழுத்து: ‘எங்க ஊர் எங்க பெருமை.’ நடுவுல ஒரு செவப்பு இதயம். பழைய வீடு பார்க்க வாரவுக செல்ஃபி எடுக்கணும்னு, பழைய வீட்டையே மறைச்சு ஊர் ஆபீசுல கட்டியிருந்தாக.

“மாப்பிள்ளை எப்படி உள்ள வருவாரு? எழுத்தை ஏறிக் குதிச்சா?”ன்னு கேட்டுட்டு ஆச்சி மதுரைக் கோர்ட்டுக்குப் போனாக. ‘மேற்படி வீட்டின் முன்வாசலில் உள்ள இடையூறை நான்கு வாரத்துக்குள் அகற்றுக’ன்னு உத்தரவு வந்துச்சு. ஊரே சந்தோசப்பட்டுச்சு. பின்தெருத் தையக்கார ஆபிதா மட்டும் உம்முன்னு இருந்தா. ஆச்சி பின்வாசல்ல கட்டியிருக்குற துவைக்கிற மேடை தன் வண்டிக்கு வழி விடலைன்னு, அவளும் ஒரு உத்தரவு வாங்கி மூணு வருசமாச்சு.

நாலு வாரம் எட்டாச்சு. எழுத்து அசையலை. ஆச்சி கோர்ட்டு அவமதிப்பு வழக்குப் போட்டாக. ஆபீசர் நேர்ல வந்து நிக்கணும்னு தாக்கீது. மறுநாளே தலைமைக் கிளார்க்கு செம்மலை திருப்புளியோட வந்து நின்னான்.

“என்னப்பா, இதை வச்சா எழுத்தைப் பிடுங்கப் போறே?”

“எழுத்தைத் தொட முடியாது ஆச்சி. திறந்து வச்சவுக பேரு கல்லுல இருக்கு, தொட்டா என்னைத் தூக்கிருவாக. மேன்மை தங்கிய கோர்ட்டு உத்தரவையும் மீற முடியாது.”

சொல்லிக்கிட்டே முன்கதவுல இருந்த பதினாலாம் நம்பர் தகட்டைக் கழட்டினான். பத்தி, வளவு, பின்கட்டுன்னு வீடு நீளத்துக்கும் நடந்துபோயி பின்கதவுல மாட்டினான்.

“இனிமே உங்க முன்வாசல் இதுதான். இங்குட்டு எழுத்து இருக்கா?”

“இல்லை.”

“அப்ப அகற்றியாச்சு.”

ஆபீசர் கோர்ட்டுல வாக்குமூலம் போட்டாரு: ‘மேற்படி முன்வாசலில் இருந்த சிமிட்டி எழுத்துகள் முழுமையாக அகற்றப்பட்டுவிட்டன என்பதை உறுதிகூறிப் பணிவுடன் சமர்ப்பிக்கிறேன்.’ கூடவே பின்கதவுப் போட்டோ ஒண்ணு. வழக்கு முடிஞ்சது.

ஆச்சி சண்டைக்குப் போகலை. அந்த வாக்குமூலத்துக்கு ஒரு நகல் வாங்கினாக. கொத்தனார் ஐயனாரைச் சம்மட்டியோட வரச் சொன்னாக. மத்தியானத்துக்குள்ள பெருமை பொடிப்பொடி.

செம்மலை ஓடியாந்தான். “ஆச்சி! அரசாங்கச் சொத்தை உடைச்சுப்புட்டீகளே!”

“எதை?”

“எழுத்தை!”

“அதைத்தான் போன வாரமே அகற்றிட்டியே. இந்தா, உங்க ஆபீசர் கையெழுத்து. இல்ல, இன்னைக்கு வரைக்கும் இருந்துச்சுங்குறியா? அதையும் கோர்ட்டுல வந்து சொல்லு.”

செம்மலை நகலைப் பார்த்தான், இடிஞ்ச சிமிட்டியைப் பார்த்தான். “பந்தி எத்தனை மணிக்கு ஆச்சி?”ன்னான்.

மாப்பிள்ளை முகப்பு வழியாவே ஜோரா வந்தாரு. உடைஞ்ச இதயத்தோட நின்னு ஊரே செல்ஃபி எடுத்துச்சு. ஓரத்துல பல்லைக் காட்டிக்கிட்டு நிக்கிறது நான்தான், விடுங்க.

மறுநாள் ஆபிதா வந்தா. “ஆச்சி, கோர்ட்டு உத்தரவுன்னா ஆண்டவன் உத்தரவு மாதிரின்னு பந்தியில பேசுனீகளே. என் உத்தரவு என்னாச்சு?”

“அதுல என்னடி போட்டிருக்கு?”

“பதினாலாம் நம்பர் வீட்டுப் பின்வாசல் மேடையை எடுக்கணும்னு.”

“நல்லாப் பாரு. என் பின்வாசல்ல மேடை இருக்கா?” ஆச்சி கையை நீட்டுனது முன்தெருப் பக்கம். அங்க சிமிட்டித் தூசிதான் கிடந்துச்சு.

ஆபிதா வாயைத் திறக்குறதுக்குள்ள ஆச்சி வீட்டுக்குள்ள போயி, செம்மலை மறந்து வச்சுட்டுப் போன திருப்புளியைத் தேடி எடுத்தாக. பின்தெருக் கதவுல அந்தத் தகடு லேசா ஆடிக்கிட்டு இருந்துச்சு. துவைக்கிற மேடை மேல ஏறி நின்னு, நாலு ஸ்குரூவையும் ஒவ்வொண்ணா இறுக்குனாக.