பிஸ்கட்டுக்குப் பிடிக்காத பாட்டு

வெர்னன் மூன்றாவது முறையாகக் குதிரையிலிருந்து விழுந்தபோதும் பாட்டு அதே இடத்தில்தான் அறுந்தது. "பாலைவன நிலவே" என்பதில் "நிலவே" மேலே ஏறும். அவன் குரலும் ஏறும். உடனே பிஸ்கட் என்கிற அந்தப் பழுப்புக் குதிரை ஓட்டமெடுக்கும்.

"கட்!" டைரக்டர் கோர்மன் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். "ஏம்ப்பா, காதல் பாட்டுப் பாதியில ஹீரோ ஊரை விட்டே ஓடினா, அந்தப் பொண்ணு என்ன நினைப்பா?"

வெர்னன் ஒஹையோவில் ரேடியோவில் சோப்புத்தூளுக்குப் பாடிக்கொண்டிருந்தவன். டிராமைத் தவிர வேறெதிலும் ஏறியதில்லை. படங்கள் பேசத் தொடங்கியதும் பாடத் தெரிந்த கௌபாய்களுக்குக் கிராக்கி வர, ஹாலிவுட் அவனுக்குப் பெரிய தொப்பியும், குதிகாலில் முள் சக்கரம் மின்னும் பூட்ஸும் கொடுத்தது. இன்று பொழுது சாய்வதற்குள் இந்தப் பாட்டு முடியாவிட்டால் மறுபடியும் சோப்புத்தூள்தான் என்று முதலாளி சொல்லிவிட்டார்.

குதிரைக்காரர் ஹைரம் கையைத் தூக்கினார். "அய்யா, ஒரு விஷயம்..."

"உஷ்ஷ்!" ஒலிப்பதிவாளர் பாய்ந்து வந்தார். மைக்கை ஓர் அட்டைக் கள்ளிச்செடிக்குள் ஒளித்து வைத்திருந்தார் அவர். "காலைலயே சொன்னேன்ல? இங்க யார் வாயைத் திறந்தாலும் நேரா வீட்டுக்குத்தான்!"

ஹைரமின் கை இறங்கியது.

முதலில் பிஸ்கட்டின் காதில் பஞ்சை அடைத்தார்கள். ஓடியது. பஞ்சுக்கு மேல் சமையல்காரன் ஓட்டிஸின் காலுறைகளைத் திணித்தார்கள். இன்னும் வேகமாக ஓடியது.

"இது பாட்டுக்கு ஓடலை, நாத்தத்துக்கு ஓடுது," என்றான் கேமராக்காரன்.

கோர்மன் மூளையைக் கசக்கி, குதிரையின் காலைக் கள்ளிச்செடியோடு கட்டச் சொன்னார். "நிலவே" வந்தது. குதிரை போனது. கள்ளி போனது. கள்ளியைக் கட்டிப் பிடித்திருந்த ஒலிப்பதிவாளரும் போனார். மைக் பிழைத்தது, அவருடைய கால்சட்டை பிழைக்கவில்லை.

ஹைரம் மறுபடியும் கையைத் தூக்கினார். அந்தக் கோலத்திலும் ஒலிப்பதிவாளர் "உஷ்ஷ்!" என்றார்.

பொழுது சாயத் தொடங்கி, வெயில் மலையுச்சிக்கு ஏறிவிட்டது. கோர்மன் ஓட்டிஸைக் கூப்பிட்டார். பீன்ஸ் கிளறும்போதெல்லாம் பாடிக்கொண்டே இருப்பவன் அவன்.

"நீ கள்ளிக்குப் பின்னாடி உக்காந்து பாடு. வெர்னா, நீ மேல உக்காந்து வாயை மட்டும் அசை, போதும்."

ஓட்டிஸ் பாடினான். "நிலவே" உச்சிக்கே போனது. பிஸ்கட் வாலைக்கூட ஆட்டவில்லை.

"ஓகே!" கோர்மன் துள்ளிக் குதித்தார். "என்னா ரசனைய்யா இந்தக் குதிரைக்கு! அடுத்த படத்துக்கு ஓட்டிஸ்தான் ஹீரோ. வெர்னா, உனக்குப் பீன்ஸ் கிளறத் தெரியுமா?"

வெர்னனுக்கு அழுகையே வந்துவிட்டது. இறங்கிப் பிஸ்கட்டின் கழுத்தைக் கட்டிக்கொண்டான். "அடிவயித்துலேர்ந்து பாடினேனே! என் குரல் அவ்வளவு மோசமாவா இருக்கு? உண்மையைச் சொல்லு!"

ஒலிப்பதிவாளர் இயந்திரத்தை மூடிவிட்டாரா என்று எட்டிப் பார்த்துவிட்டு, ஹைரம் கடைசியாக வாயைத் திறந்தார்.

"அதைக் கேட்டு என்ன புண்ணியம் தம்பி? அதுக்குப் பிறவியிலேயே காது கேக்காது. உச்சத்துக்குப் போறப்பல்லாம் நீங்கதான் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு, பூட்ஸ் முள்ளால அது விலாவுல குத்துறீங்க."