தேத்தண்ணியை மூடிய முர்சித் தட்டு

சூடான களிமண்ணில் ஆவி படும்போது ஒரு மணம் எழும். வீட்டில் மண்சட்டி அடுப்பேறினால் போதும், நான் எழும்பிக் குறுக்கும் நெடுக்கும் நடக்கத் தொடங்கிவிடுவேன். என் கால்களுக்குத் தொண்ணூறுகள் இன்னும் முடியவில்லை.

அப்போது சுவிஸின் பாசல் நகரில் ஓர் அருங்காட்சியகத்தில் எனக்குத் துப்புரவு வேலை. மூன்று மாதம் பார்த்துத்தான் நிரந்தரமாக்குவார்கள். நிரந்தரமானால்தான் கொழும்பு லொட்ஜில் காத்திருந்த மனைவியைக் கூப்பிட விண்ணப்பிக்கலாம். வேலை எடுத்துத் தந்த செல்வம் அண்ணை ஒரே புத்திதான் சொன்னவர்: "தம்பி, மேசையில கிடக்கிறதில கை வையாதை. தரையைப் பார், தரையை மட்டும் பார்."

கடைசி வாரம் வரை தரையையே பார்த்தேன். (தரையும் என்னைப் பார்த்தது.)

அன்று பொறுப்பாளர் அம்மா ஃப்ராவ் ஹூபர், எத்தியோப்பியாவின் முர்சி மக்களுடைய பொருட்களை மேசையில் பரப்பிவைத்து, இருமி இருமி எழுதிக்கொண்டிருந்தார். மாட்டு மணி, சண்டைத் தடி, பால் வைக்கும் சுரைக்குடுவை. மனம் கேட்கவில்லை, இஞ்சி போட்டுத் தேத்தண்ணி கொண்டுவந்தேன். அதற்குள் அவர் தொலைபேசிக்குப் போய்விட்டார். ஆறப்போகுதே! தேத்தண்ணியைத் திறந்தபடி வைத்து வளர்ந்தவனில்லை நான். மேசையில் வட்டமாய், காவி பூசி, விளிம்பைச் சுற்றிப் பள்ளத்தோடு ஒரு மண்தட்டு. கோப்பைக்கென்றே செய்ததுபோல் பொருந்தியது. (என் கெட்டித்தனத்தை நானே மெச்சிக்கொண்டேன்.)

திரும்பி வந்தவர் ஏதோ யோசனையில் மூடியைத் தூக்கி, ஒரு மிடறு குடித்துவிட்டு, வாயைத் துடைத்தார். பிறகுதான் கையைப் பார்த்தார். விரலிலும் காவி, உதட்டிலும் காவி.

"இது என்னெண்டு தெரியுமோ உமக்கு?" (அவருடைய ஜெர்மன் என் காதில் இப்படித்தான் விழுந்தது.)

"மூடி."

"ஒரு பொம்பிளை கீழ் உதட்டிலை போடுற தட்டு. தன்ரை கையாலை செய்து சுட்டது. புருஷனுக்குச் சாப்பாடு குடுக்கேக்கை, மாடு கறக்கேக்கை, கலியாணங்களிலை போடுவா."

யாரோ ஒருத்தி தன் உதட்டுக்கு அளவு பார்த்ததை நான் கோப்பைக்கு அளவு பார்த்திருக்கிறேன். என் கால்கள் மேசையைச் சுற்றிச் சுற்றி நடந்தன. மனமோ கொழும்பு லொட்ஜின் படியேறி, "நீர் இனி வரேலாது" என்று கதவைத் தட்டிக்கொண்டிருந்தது.

அவர் பூதக்கண்ணாடி வைத்து நெடுநேரம் பார்த்தார். வெடிப்பில்லை; ஒரு பக்கம் காவி போயிருந்தது. தட்டின் அட்டையில் எழுதினார்: 'தேநீர் ஆவிக் கறை.' அந்தக் கட்டடத்தில் முதலில் நிரந்தரமானது என் கறைதான்.

இன்றும் வீட்டுக்கு ஆள் வந்தால் என் மனைவி குசினிக்குள் இருந்து குரல் கொடுப்பாள்: "தேத்தண்ணியை மூடவோ, இல்லாட்டி மியூசியத்திலை கேட்டிட்டு மூடவோ?"

கறை விழுந்த அன்று மாலை கோட்டை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றேன். இனி வரலாமோ என்று கேட்கத் துணிவில்லை. ஃப்ராவ் ஹூபர் தலை நிமிர்ந்தார். உதட்டில் காவி இன்னும் இருந்தது.

"திங்கக்கிழமையும் இஞ்சி போடும். மூடியை மட்டும் வீட்டிலை இருந்து கொண்டு வாரும்."