கத்தல் டாக்டரம்மாவும் வெள்ளை ஈயும்

கொல்லிமலைக்கு வந்த விஞ்ஞானிகளிலேயே தொண்டை கட்டிப் பேர் வாங்கியவர் கத்தல் டாக்டரம்மா ஒருவர்தான். அவருக்கு நிஜப் பெயர் ஒன்று இருந்தது. அதைச் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை.

தொண்ணூற்றெட்டு வாக்கில் செம்மேட்டில் அவர் ஆபீசில் நான் டைப்பிஸ்ட். வாரம் முழுக்கக் குச்சிக்கிழங்கு என்கிற மரவள்ளிச் செடிக்கு வரும் இலைநோயை ஆராய்வார். அவர் பேசுவது செடிக்கே கேட்காது. சனிக்கிழமை விடிந்ததும் முதுகில் கிட்டாரோடு பஸ் பிடித்து, அடிவாரத்துக் காரவள்ளியில் இறங்கி, பெங்களூர் போய்ப் பங்க் ராக் பாடுவார். அதாவது, உள்ளே இருக்கிற கோபத்தையெல்லாம் தாளத்தோடு மைக்கில் கொட்டுவார்.

"அப்படி யாரு மேலங்க மேடம் கோவம்?" என்று கேட்டேன்.

"டிராஃபிக் மேல, கரண்ட் கட் மேல, வெள்ளை ஈ மேல."

இலைநோயைப் பரப்புவது அந்த ஈதான். அதைத் திட்டியே ஒரு பாட்டு வைத்திருந்தார்.

ஒரு திங்கட்கிழமை, பெரக்கரை நாட்டு மலையூர் விவசாயிகளுக்கு டாக்டரம்மா வயலில் வைத்து விளக்கம் சொல்ல வேண்டும். சொல்லாமல் கொள்ளாமல் மேலதிகாரியும் வந்துவிட்டார். அவருக்குப் பிடிக்காவிட்டால் ஆராய்ச்சியையே மூடிவிடுவார்கள். டாக்டரம்மா பஸ்ஸிலிருந்து நேரே, முதுகில் கிட்டாரோடு வந்தார். பச்சைச் சாயம் பூசிய முடி முள்ளம்பன்றியாகச் சிலிர்த்து நின்றது. வாயைத் திறந்தார். பாடிப் பாடிக் கட்டிய தொண்டையிலிருந்து வெறும் காற்று வந்தது.

டாக்டரம்மா அசரவில்லை. இரண்டு கைகளையும் விரித்து ஈயாகப் பறந்தார். மேலதிகாரியின் தோளில் ஈ உட்காருவதுபோல் கையை ஊன்றி, உறிஞ்சிக் காட்டினார். மேலதிகாரியின் விரல்களை நோய் இலைபோலச் சுருட்டிவிட்டு, நோய்ச்செடி என்று ஜாடை காட்டினார். பிறகு அவரை வேரோடு பிடுங்குவதுபோல் இழுத்துக்கொண்டுபோய் வரப்புக்கு அந்தப் பக்கம் விட்டார். திரும்பி வந்து, நல்ல செடி ஒன்றில் குச்சி வெட்டி நட்டார்.

மேலதிகாரியின் முகம் மிளகாய்ப்பழம். "இந்த வேலையா, அந்தக் கூச்சலா? ஒண்ண விட்டுடுங்க!"

பதில் சொல்லக் குரல் ஏது? வெள்ளையம்மா என்ற விவசாயி முன்னால் வந்தார். "ஏனுங்க சாமி, அந்தம்மாவ வையாதீங்க. எங்களுக்கு நல்லாப் புரிஞ்சுதுங்க."

"என்ன புரிஞ்சுது?"

"நோவு வந்த செடியப் புடுங்கிப் போடோணும். நல்ல செடியில குச்சி வெட்டி நடோணும். நோவு வந்த செடி நீங்கதானுங்களே!"

வயலே சிரித்தது. விறைப்பாக நின்ற மேலதிகாரியும் கடைசியில் சிரித்துவிட்டார். ஆராய்ச்சி தப்பியது. கிட்டாரும் தப்பியது.

போகும்போது வெள்ளையம்மா டாக்டரம்மாவின் கையைப் பிடித்தார். "எங்களுக்கும் ஒருக்காப் பாடிக் காட்டு கண்ணு."

அடுத்த மாதமே செம்மேட்டுச் சந்தைத் திடலில் டிரம், ஆம்ப்ளிஃபையரோடு அவர் கோஷ்டி வந்து இறங்கியது. முதல் அடியிலேயே கட்டியிருந்த ஆடுகள் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடின. டாக்டரம்மா பாடியதில் ஒரு வார்த்தைகூட யாருக்கும் விளங்கவில்லை. நாங்கள் அத்தனை பேரும் இரண்டு கைகளாலும் காதைப் பொத்திக்கொண்டு, ஒருவர்கூட எழுந்து போகாமல், கடைசிப் பாட்டு வரைக்கும் அவரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.