எதிராளிக்கும் சேர்த்து ரொட்டி சானாய்

வழக்குப் போட்டவனே எதிராளிக்குப் பசியாற வாங்கிக் கொடுத்த கதை உலகத்தில் ஒன்றுதான் இருக்கும். அந்தப் புண்ணியவான் நான்தான்.

கிள்ளான் பக்கத்துப் பண்டமாரானில் நான் சின்னக் குத்தகையாளன். கூரை, கால்வாய், கழிவறை எது உடைந்தாலும் கூப்பிடுவார்கள். ஓர் அரசாங்க அலுவலகத்துக்குக் கூரை மாற்றிக் கொடுத்து ஒன்றரை வருடமாகியும் பணம் வரவில்லை. என் ஆட்களுக்குச் சம்பளம் போட மனைவி ஸ்டெல்லா கழற்றிக் கொடுத்த நான்கு வளையல்களும் கிள்ளான் அடகுக் கடையில் கிடந்தன. மாதாமாதம் அந்த அலுவலகத்துக்குப் போவேன். அதிகாரி ரசாலி, “ஃபைல் மேல போயிருக்கு” என்பார். நானும் “பரவால்ல துவான், மெதுவா குடுங்க” என்று குனிந்துவிட்டு வருவேன். (அதிகாரி முகம் சுளித்தால் அடுத்த வேலை கிடைக்காதே! முதுகெலும்பை வீட்டிலேயே கழற்றி வைத்துவிட்டுப் போகப் பழகியிருந்தேன்.)

கடைசியில் ஸ்டெல்லாதான் என்னைப் பிரிக்பீல்ட்ஸில் இருக்கும் வக்கீல் கவிதாவிடம் இழுத்துப் போனாள். கவிதாவுக்கு என் மகள் வயதுதான் இருக்கும். வழக்குப் போட்டார். ‘வேலை சரியில்லை, அதனால்தான் பணம் தரவில்லை’ என்று பதில் வந்தது.

“அங்கிள், கோர்ட்டுல அவங்ககிட்ட ஒரு வார்த்தை பேசக் கூடாது, ஓகே?” என்றார் கவிதா.

“நான் ஏன் பேசப் போறேன் லா” என்றேன்.

விசாரணை அன்று காலை நீதிமன்றக் கேண்டீனில் ரசாலி தனியாக உட்கார்ந்திருந்தார். பழக்க தோஷம், என் கால்கள் தானாகப் போய்விட்டன. பருப்புக் கறியோடு இரண்டு ரொட்டி சானாய், ஒரு கிளாஸ் தே தாரிக் வாங்கி அவர் முன்னால் வைத்தேன். சாப்பிட்டுக்கொண்டே, “பின்பக்க ஸ்டோர் கூரையும் ஒழுகுது. நீதான் வந்து செய்யணும்” என்றார். பழைய கூரைக்கே பணம் வரவில்லை என்று சொல்ல வேண்டியவன் என்ன செய்தேன் தெரியுமா? கையிலிருந்த வழக்குத் தாளின் பின்பக்கத்திலேயே விலை எழுதி, தேதி போட்டு, கையெழுத்தும் வைத்துக் கொடுத்தேன்.

கல்லாவில் காசு கட்டிவிட்டுத் திரும்பினால் கவிதா நிற்கிறார். “யாருக்கு அங்கிள் கட்டினீங்க?”

மறைக்கத் தெரியாமல் கொட்டேஷன் வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் தன் ஃபைலைத் திறந்து ஏதோ குறித்துக்கொண்டார்.

சாட்சிக் கூண்டில் அரசாங்க வக்கீல் கேட்டார்: “மெதுவாகக் கொடுங்கள் என்று நீங்களே சொன்னீர்களா?”

“ஆமாம், துவான்.”

“எத்தனை முறை?”

“போகும்போதெல்லாம், துவான்.”

பின்வரிசையில் ஸ்டெல்லா தன் வெறுங்கையைத் தலையில் வைத்துக்கொண்டாள். வளையல்கள் போனது போனதுதான் என்று நினைத்தேன்.

அடுத்து ரசாலி கூண்டேறினார். கவிதா எழுந்து, “இன்று காலை என் கட்சிக்காரர் உங்களிடம் ஒரு தாள் கொடுத்தாரா?” என்று கேட்டார்.

ரசாலி சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். மாஜிஸ்திரேட் அம்மா திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு பக்கம் பழைய கூரைக்கான வழக்கு, மறுபக்கம் புதுக் கூரைக்கான விலை. ஓரத்தில் பருப்புக் கறிக் கறை.

“வேலை சரியில்லாத ஆளிடமா புதுக் கூரை கேட்டீர்கள்?” என்றார்.

ரசாலி நல்ல மனிதர். பொய் வரவில்லை. “கூரை நல்லாத்தான் இருக்கு, புவான். மேலேருந்து கையெழுத்துதான் இன்னும் வரல.”

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. கொஞ்ச நாளில் பணமும் வந்தது. ஸ்டோர் கூரையையும் நானே செய்தேன். அந்த முறை, “முன்பணம் வேணும் துவான்” என்று கேட்டேன். குரல் நடுங்கியது, ஆனாலும் கேட்டேன், கொடுத்தார்கள்.

இப்போதும் குடும்பத்தோடு கடையில் சாப்பிட்டு நான் பில்லைக் கையில் எடுத்தால் போதும், என் மகள் சுற்றும்முற்றும் பார்த்துவிட்டுக் கேட்பாள்: “அப்பா, எதிராளி மேசைக்கும் சேர்த்துக் கட்டிட்டீங்களா?”

ஸ்டெல்லா மேசையைத் தட்டித் தட்டிச் சிரிப்பாள். நான்கு வளையல்களும் சேர்ந்து சத்தம் போடும்.