பெயரற்ற நாளின் விடுமுறை

இரண்டாயிரத்து இருபத்தைந்தாம் ஆண்டு ஜூன் பதினாறாம் திகதி, திங்கட்கிழமை, காலை ஆறு மணி நாற்பது நிமிடம். தூறல், மலையை முற்றாக மறைத்த பனி. பொகவந்தலாவைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றின் அறிவித்தல் பலகைக்கு முன்னே, வேலை பிரித்துக் கொடுக்கும் காலைப் பெரட்டுக்கு வந்த கூட்டம் கலையாமல் நிற்பதைக் கண்டான் கிளாக்கர் நிரஞ்சன். வேலைப் பட்டியலை எவரும் இவ்வளவு ஆர்வத்தோடு படித்து அவன் பார்த்ததில்லை.

நெருங்கிச் சென்றபோது காரணம் விளங்கியது. பட்டியலுக்குப் பக்கத்தில் ஒட்டப்பட்டிருந்தது அவனுடைய நாட்காட்டி.

நிரஞ்சன் மூன்று ஆண்டுகளாக ஒரு மாய உலகக் கதை எழுதிவருகிறான். அந்த உலகத்தில் ஆண்டுக்குப் பத்து மாதங்கள். மாதத்துக்கு முப்பத்தாறு நாட்கள். எஞ்சும் ஐந்தும் எந்த மாதத்திலும் சேராத பெயரற்ற நாட்கள். பெயரற்ற நாளில் எவரும் எந்த வேலையிலும் கை வைக்கலாகாது. கணக்குப் பிசகக் கூடாதென்று, ஒவ்வொரு நாளுக்கும் நேரே நம் உலகத் திகதியையும் குறித்திருந்தான். சனிக்கிழமை அதை அலுவலக அச்சுப்பொறியில் எடுத்தவன், அங்கேயே மறந்துவிட்டான். அலுவலகத்தைக் கூட்டித் துடைக்கும் வேலாயி, அச்சுப்பொறியில் கிடந்த தாள்கள் அனைத்துக்கும் வழக்கம்போல் முத்திரை குத்தி ஒட்டிவிட்டாள்.

வரும் வெள்ளிக்கிழமை பெயரற்ற நாள்.

"நல்ல காரியம் செஞ்சீங்க கிளாக்கரய்யா," என்றார் தொழிற்சங்கத்தின் தோட்டத் தலைவர் அழகுமுத்து. "கேக்காமலே ஒரு லீவு."

"தப்பா ஒட்டிட்டாங்க தலைவரே," என்று சொல்லி நிரஞ்சன் தாளைக் கிழித்தெடுத்தான். அது முதற்பிழை.

"குடுத்த லீவக் கிழிக்கிறாங்க," என்று குரல் கொடுத்தாள் முப்பது ஆண்டாகக் கொழுந்து பறிக்கும் ராக்காயி. "சீல் குத்துன லீவு."

"அது நெசமான நாளே இல்லம்மா. நான் எழுதுற கதையில வர்றது."

நிரூபிக்கும் பொருட்டு, பையிலிருந்த ஏழாம் அத்தியாயத்தை எடுத்துத் தலைவரிடம் நீட்டினான். அது இரண்டாம் பிழை. மேடைக்குப் பழகிய குரலில் அழகுமுத்து உரக்கப் படித்தார்: "பெயரற்ற நாளில் உழைப்பவரை விட்டு அவருடைய நிழல் நீங்கிவிடும்."

கூட்டம் குனிந்து தன் காலடியைப் பார்த்தது.

"மழைக்கோட்டு கிழிஞ்சு மூணு மாசமாச்சு," என்றாள் ராக்காயி. "மிச்சம் இருக்கிறது நெழலு ஒண்ணுதான். அதையும் விட்டுட்டுக் கொழுந்தெடுக்கச் சொல்றீங்களா?"

"கற்பனைங்க அது."

"இருக்கட்டும். நெழலு எங்களோடதுதானே?"

நிரஞ்சன் இறுதி ஆயுதத்தை எடுத்தான். "அது முழு நாளும் இல்லீங்க. எட்டாம் அத்தியாயத்துல இருக்கு. பனி மலைய விட்டு விலகினதும் சங்கு ஊதி அந்த நாள முடிச்சிருவாங்க."

எப்படியும் எட்டு மணிக்குள் பனி விலகும் என்பது அவன் எண்ணம். அழகுமுத்து, மலை இருந்திருக்க வேண்டிய திசையைப் பார்த்தார். வியாழக்கிழமை முதல் அங்கே மலையைக் கண்டவர் எவருமில்லை.

"அப்ப சனிக்கிழமையும் சேத்து எழுதிக்கவா?" என்றார்.

பத்து மணிக்குத் தோட்ட நிர்வாகியான பெரிய துரை அழைத்தார். வேலை போய்விடும் என்றே அஞ்சிப் புறப்பட்ட நிரஞ்சனுக்கு, வாசலில் மாட்டியிருந்த சாதாரண நாட்காட்டி கண்ணில் பட்டது. வெள்ளிக்கிழமை ஹட்டனில் அவனுக்கு நிச்சயதார்த்தம். அலுவலகத்தில் ஆளில்லை என்று துரை இரண்டு முறை விடுமுறை மறுத்ததால், இரண்டு முறை தள்ளிப்போன நிச்சயதார்த்தம். இம்முறை கேட்கவே அவனுக்குத் துணிவு வரவில்லை. பெண்ணின் தகப்பனார் சோமசுந்தரம் ஹட்டனில் துணிக்கடை வைத்திருப்பவர். அவருடைய நிலைப்பாட்டை மகள் சுலக்ஷனா நேற்றுத் தொலைபேசியில் தெரிவித்திருந்தாள்:

"அப்பா மாலைக்குச் சொல்லிட்டாருங்க. இந்தத் தடவையும் நீங்க வரலைன்னா மாப்பிள்ளைய மாத்துவேன், மாலைய மாத்த மாட்டேங்கிறாரு."

தோட்டத்துக்கே விடுமுறையானால், அலுவலகத்துக்கு ஆள் எதற்கு? வாசற்படியைத் தாண்டுவதற்குள் நிரஞ்சன் கட்சி மாறினான்.

"இதெல்லாம் கதைதானே நிரஞ்சன்?" என்றார் துரை.

"கதைதான் சேர். ஆனா சீல் குத்தி ஒட்டுன கதை. இப்ப இல்லைன்னு சொன்னா, நாளைக்கு நாம எத ஒட்டினாலும் நம்ப மாட்டாங்க."

"அந்தப் பனி, சங்கு? அத மட்டும் எடுத்துரலாமா?"

தோட்டத்தின் நலன் கருதியாவது அவன் அதற்கு இணங்கியிருக்கலாம். ஆனால் அந்தப் பகுதியை அவன் பதினொரு முறை திருத்தி எழுதியிருந்தான்.

"அத எடுத்துட்டா நாட்காட்டியே நிக்காது சேர்."

துரை யோசித்தார். வெள்ளிக்கிழமை தொழிற்சாலையில் கொழுந்து வாட்டும் இயந்திரத்தைப் பழுதுபார்க்க வேண்டியிருந்தது. பறித்தாலும் வாட்ட வழியில்லை. அதைத் தலைவரிடம் எப்படிச் சொல்வதென்று அவர் இரண்டு நாட்களாகத் தவித்துக்கொண்டிருந்தார்.

"சரி. நீங்க எழுதினபடியே, ஒரு எழுத்தும் மாத்தாமக் குடுக்கிறேன்."

வியாழக்கிழமை, பிற்பகல் மூன்று மணி. துரை கையொப்பமிட்ட தீர்மானத்தை வேலாயி கொண்டுவந்து கொடுத்தாள். ஜூன் இருபது பெயரற்ற நாள். தொழிலாளர் எவரும் வேலைக்கு வர வேண்டியதில்லை. கையொப்பம் இருந்தது, முத்திரை இருந்தது, ஒரு காற்புள்ளிகூடப் பிசகவில்லை. "வெள்ளிக்கிழமை உறுதியாக வருகிறேன், மாப்பிள்ளையை மாற்ற வேண்டாம்" என்று சுலக்ஷனாவுக்குச் செய்தி அனுப்பிவிட்டு நிமிர்ந்தான் நிரஞ்சன்.

வேலாயி போகாமல் நின்றுகொண்டிருந்தாள்.

"பின்பக்கத்தையும் பாருங்கய்யா," என்றாள். "அந்த நாளு எப்ப முடியுதுன்னு தெரிஞ்ச ஆளு நீங்க ஒருத்தர்தானாம், பனி விலகுற வரைக்கும் ஆபீஸ்லயே இருந்து பாத்து, நீங்கதான் சங்கு ஊதணுமாம்."