தாப்பியோவுக்கு ஒரு நினைவுமலர்

"அண்ணை, அவர் சிரிக்கிறதில்லை" என்றார் அருள்மலர்.

அம்பலவாணனின் பேனா 'எல்லோரிடமும் இன்முகம் காட்டி' என்ற இடத்தில் நின்றது. ஒருவர் இறந்த முப்பத்தோராம் நாள் வீட்டுக்கு வருகிறவர்கள் கையில் கொடுக்கும் நினைவுமலரை இதுவரை நாற்பத்தேழு பேருக்கு எழுதிவிட்டார். அந்த நாற்பத்தேழு பேரில் ஒருவராவது உயிரோடு இருந்தபோது சிரித்ததாக அவருக்கு ஞாபகமில்லை. மலரில் எல்லோருக்கும் இன்முகம்தான். விமான நிலையத்தில் சூட்கேஸ் ஏற்றி முதுகு தேய்ந்தவர் அவர். பெட்டி எல்லாம் ஒன்று, கட்டுகிற சீட்டுத்தான் வேறு என்பது அவருக்குத் தெரியும்.

நாற்பத்தெட்டாவது பெட்டிதான் சிக்கல். அருள்மலரின் கணவர் தாப்பியோ பின்லாந்துக்காரர். ஞாயிற்றுக்கிழமை முப்பத்தோராம் நாள். அச்சகத்துக்கு இன்றைக்கு ஐந்து மணிக்குள் கொடுக்கவேண்டும். இப்போது மூன்று.

"சரி, இன்முகத்தை எடுப்பம். தொழில்?"

"சினிமாவுக்குத் திரைக்கதை எழுதினவர்."

"என்ன மாதிரிக் கதை?"

"ஒரு மனுசன் ஏரிக்கரையில இருப்பான். பிறகு எழும்பிப் போவான்."

"பிறகு?"

"அவ்வளவுதான். மூண்டு பரிசு கிடைச்சது."

அம்பலவாணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வசனம் வராத நேரத்தில் அவர் செய்யக்கூடியது அது ஒன்றுதான்.

"நான் ஒண்டே ஒண்டுதான் கேக்கிறன் அண்ணை" என்றார் அருள்மலர். "புத்தகத்தைத் திறந்தால் அவர் அதுக்குள்ள இருக்கவேணும்."

சோபாவில் சாய்ந்திருந்த அருள்மலரின் தமையன் இராசரத்தினம் நிமிர்ந்தார். "ஐசே, படம் எழுதினவர் எண்டு போடாதையும். வேலைவெட்டி இல்லாமல் திரிஞ்சவன் எண்டுதான் சனம் வாசிக்கும். எஞ்சினியர் எண்டு போடும்."

"அண்ணா, அவருக்கு ஒரு பல்ப் மாத்தத் தெரியாது."

"நீ சும்மா இரு. வாற சனத்துக்குப் பதில் சொல்லுறது நான்."

அம்பலவாணன் 'பிரபல பொறியியலாளர்' என்று எழுதினார்.

மேசையின் மறுமுனையில் தாப்பியோவின் மகள் தாரிணி தடித்த தாள்கட்டு ஒன்றை வைத்துக்கொண்டு பென்சிலால் சரி போட்டுக்கொண்டிருந்தாள். வயது இருபத்தாறு. வீட்டிலிருந்தே வேலை போலிருக்கிறது. தகப்பனுடைய காரியத்துக்குக்கூடத் தலை நிமிராத பிள்ளை என்று அம்பலவாணன் மனதுக்குள் குறித்துக்கொண்டார்.

இராசரத்தினத்தின் மனைவி பாலாம்பிகை தேத்தண்ணீரோடு வந்தார். "எஞ்சினியர் எண்டால் எங்க படிச்சவர் எண்டு கேப்பினம்."

"ஹெல்சிங்கி எண்டு போடுவம்" என்றார் அம்பலவாணன்.

"ஐயோ, என்ர தங்கச்சியின்ர மூத்தவன் அங்கதான் எஞ்சினியரிங் படிச்சவன். அவன் ஞாயிற்றுக்கிழமை வாறான்."

"அப்ப மொறட்டுவ" என்றார் இராசரத்தினம். "அங்க படிச்ச ஒருத்தரும் எங்கட பக்கத்தில இல்லை."

'மொறட்டுவப் பல்கலைக்கழகப் பட்டதாரி' என்று எழுதிய அம்பலவாணன் யோசித்தார். "அண்ணை, பின்லாந்தில பிறந்த ஆள் மொறட்டுவைக்கு என்னெண்டு போனவர்?"

இராசரத்தினம் தேத்தண்ணீரை ஒரு மிடறு குடித்தார்.

"பிறந்த இடத்தை அளவெட்டி எண்டு போடும்."

"அண்ணா!"

"உன்ர மனுசன்தானே, உன்ர ஊரில பிறந்தால் என்ன குறைஞ்சு போகுது?"

அருள்மலர் அறையின் மூலையில் கிடந்த கதிரையைப் பார்த்தார். "உதிலதான் எழுதுற கொப்பியோட இருப்பார். கலியாணவீடு, செத்தவீடு எங்க போனாலும் ஒரு மூலை, ஒரு கொப்பி."

"பாவம், ஒரு சொல்லுத் தமிழ் விளங்காது" என்றார் பாலாம்பிகை. "அவரைப் பற்றி அவருக்கு முன்னாலயே இருந்து கதைக்கலாம். எவ்வளவு வசதி."

தாரிணியின் பென்சில் இரண்டு தடவை சரி போட்டது.

நாலரை மணிக்கு அம்பலவாணன் உரக்க வாசித்தார். "அளவெட்டியைப் பிறப்பிடமாகவும் வெஸ்ட் ஈலிங்கை வதிவிடமாகவும் கொண்ட, மொறட்டுவப் பட்டதாரி, பிரபல பொறியியலாளர், சிறந்த அம்மன் பக்தர், அமரர் தாப்பியோ..."

"பேர்தான் இடிக்குது" என்றார் இராசரத்தினம். "தாமோதரன் எண்டு போடும்."

"படம்?"

"கறுப்பு வெள்ளையில போட்டால் நீலக்கண் தெரியாது. நெத்தியில திருநீறைக் கொம்பியூட்டரில பூசலாம்."

அம்பலவாணன் பெயரை வெட்டினார். முப்பது கிலோ பெட்டியைத் தவறான விமானத்தில் ஏற்றிவிட்டுக் கதவு மூடுவதைப் பார்த்துக்கொண்டு நிற்பவரைப்போல இருந்தது அவருக்கு.

அருள்மலர் தாளை வாங்கி மெதுவாக வாசித்தார். இரண்டாந்தரமும் வாசித்தார்.

"நல்லாயிருக்கு அண்ணா" என்றார். "அப்ப இருபத்தெட்டு வருசமா நான் ஆருக்கு மனிசியா இருந்தனான்?"

இராசரத்தினம் ஜன்னலைப் பார்த்தார். பாலாம்பிகை வெறும் கோப்பைகளை அடுக்கினார். அம்பலவாணனின் கை தானாகக் கண்ணாடிக்குப் போனது. கழற்றினார். சட்டை நுனியால் துடைத்தார்.

தாரிணி கடைசித் தாளில் ஒரு சரி போட்டாள். அன்றைக்கு முதன்முறையாகத் தலையை நிமிர்த்தி, கட்டைத் தாயின் பக்கம் தள்ளினாள்.

"அம்மா, அப்பா ஆஸ்பத்திரியில இருந்து தமிழில எழுதி முடிச்ச படம் இது, எல்லாரும் தங்கட தங்கட வசனத்தை ஒரு சொல்லும் பிழைவிடாமல் சொல்லிப்போட்டினம், அங்கிள் கண்ணாடியைத் துடைக்கிறதோட முடியுது."