யோசித்தே பெஞ்சை உடைத்த மேதை

அன்புத் தங்கைக்கு அண்ணன் எழுதுவது. இங்கே நானும், உன் அண்ணியும், விடுமுறைக்கு வந்திருக்கும் உன் மகள் சிட்டுவும் சுகம். உன் சுகத்தை விசாரிக்க வேண்டிய தேவையே இல்லை. நேற்றுத் தொலைபேசியில் நீ கத்திய கத்தலிலேயே உன் நுரையீரலுக்கு ஒரு குறையும் இல்லை என்று தெரிந்துகொண்டேன். அந்தக் கத்தலுக்கு நடுவே என்னை இரண்டு வார்த்தை பேச விட்டிருந்தால் இந்தக் கடிதத்துக்கு அவசியமே வந்திருக்காது. கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது, அதனால் எழுதுகிறேன்.

ஒன்பது வயதுப் பெண்ணை நான்காம் வகுப்பிலிருந்து தூக்கி ஒரேயடியாக எட்டாம் வகுப்பில் உட்கார வைக்கப் போகிறாயாம். பள்ளிக்கூடத்தில் படிவமும் கொடுத்துவிட்டார்களாம், திங்கட்கிழமை கையெழுத்தாம். சின்னப் பிள்ளை எப்படிச் சமாளிக்கும் என்று கேட்டால், "நீ அந்த சீரியலப் பாருண்ணா, அதுல வர்ற பசங்கல்லாம் எப்படி வெளுத்து வாங்குதுங்க!" என்கிறாய். நான் பார்ப்பதாவது! மூன்று வருடமாக 'பத்து வயதில் பதினொன்றாம் வகுப்பு' தொடருக்குப் பெஞ்சு செய்து கொடுப்பவனே நான்தான். ஊருக்கெல்லாம் என் அண்ணன் ஸ்டுடியோவில் தச்சு வேலை செய்கிறான் என்று சொல்லிக்கொள்கிறாய், அங்கே என்ன தச்சுக் கிழிக்கிறேன் என்று ஒருநாள் கேட்டாயா?

கேட்டுக்கொள். நீ வாய் பிளந்து பார்க்கும் அந்தப் 'புரொபசர்' பையனுக்குப் பத்து வயதில்லை, பதினைந்து. தினமும் காலையில் மேக்கப்காரர் அவனுக்கு மீசை மழித்துவிட்ட பிறகுதான் அவன் குழந்தை ஆகிறான். அவனைச் சின்னவனாகக் காட்ட பெஞ்சு, டெஸ்க், கரும்பலகை, கதவுக் கைப்பிடி எல்லாவற்றையும் ஒன்றேகால் மடங்கு பெரிதாகச் செய்யச் சொன்னார் டைரக்டர். செய்தேன். அப்புறம் கூடப் படிக்கும் பெரிய மாணவர்களாக நடிக்க வந்த தடியன்களும் அதே பெஞ்சில் உட்கார்ந்ததும் அவர்களும் குழந்தை ஆகிவிட்டார்கள். வகுப்பு முழுக்கக் குழந்தை என்றால் அதில் யார் மேதை? உடனே தடியன்களுக்கென்று முக்கால் மடங்கில் தனிப் பெஞ்சு செய்யச் சொன்னார்கள், அதையும் செய்தேன். படித்தவர்கள் பத்துப் பேர் ஏசி அறையில் உட்கார்ந்து எடுத்த முடிவு இது.

அவன் அறிவாவது நிஜமா என்றால் அதுவும் இல்லை. எதிர் டெஸ்க்கின் முதுகில் விடையைக் கொட்டை எழுத்தில் ஒட்டி வைப்போம், அவன் குனிந்து யோசிப்பதுபோல் அதைப் படிப்பான். ஒருநாள் செட்டைக் கழுவித் துடைத்துத் திரும்பப் போடும்போது வரிசை மாறிவிட்டது. ஒளியின் வேகம் என்ன என்று வாத்தியார் கேட்கிறார், பையன் குனிந்தான், நிமிர்ந்தான், "பாலைவனம்!" என்றான். வாத்தியாராக நடித்தவர் "சபாஷ்" என்றார். சவுண்டுக்காரர் கைதட்டலைத் தட்டிவிட்டார். அவரிடம் மூன்று பொத்தான் இருக்கிறது தெரியுமா, ஒன்று கைதட்டல், ஒன்று சிரிப்பு, ஒன்று "அய்யோ பாவம்". நீ வீட்டில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொள்வதெல்லாம் மூன்றாவது பொத்தானுக்கு. இன்னொரு மேதை இருக்கிறாளே, இதய ஆபரேஷனைப் பற்றி மடமடவென்று பேசுகிறவள், அவளுக்கு இன்னும் அம்மாதான் ஷூ லேஸ் கட்டிவிடுகிறாள்.

இதற்கெல்லாம் சிகரம் பெஞ்சு உடைந்த கதை. அது என் தப்பு, ஒப்புக்கொள்கிறேன். இரண்டு அளவுப் பெஞ்சுக்கும் ஒரே பெயிண்ட். அவசரத்தில் தடியன்களின் முக்கால் பெஞ்சைப் புரொபசருக்குப் போட்டுவிட்டேன். தடியன்கள் காலை வெளியே நீட்டிக்கொண்டுதான் அதில் உட்காருவார்கள், இவன் காலை உள்ளே மடக்கி உட்கார்ந்துவிட்டான், எழுந்திருக்க முடியவில்லை. முட்டி இரண்டும் டெஸ்க்குக்கு அடியில் சிக்கிக்கொண்டது. முன்னால் இழுத்தார்கள், பின்னால் இழுத்தார்கள், யாரோ எண்ணெய் கொண்டுவந்தார்கள். அவன் அம்மா, "என் புள்ள கால வெட்டிடாதீங்கய்யா!" என்று என் ரம்பத்தைப் பிடித்துக்கொண்டு அழுகிறாள். அடியில் படுத்து நான் அறுக்க அறுக்க, மேலே அவன் வலியில் கண்ணை இறுக்கி மூடியிருக்க, பெஞ்சு படாரென்று இரண்டானது. கேமரா ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. டைரக்டர் ஓடிவந்து, "பிரமாதம்! கணக்கு போட்ட வேகத்துல பெஞ்சே தாங்கல, அப்படி வச்சுக்கலாம்" என்றார். மறுவாரம் நீ போன் பண்ணி என்ன சொன்னாய், நினைவிருக்கிறதா? "பாத்தியாண்ணா? அந்தப் புள்ள யோசிச்ச யோசனையில பெஞ்சு ஒடஞ்சுபோச்சு!" அடியில் தெரிந்த ரம்பத்தின் கைப்பிடியைக் கூடவா நீ பார்க்கவில்லை? இப்படிப்பட்ட கண்ணை வைத்துக்கொண்டுதான் பிள்ளையின் படிப்பை முடிவு பண்ணுகிறாய். மாப்பிள்ளையோ நீ எது சொன்னாலும் தலையாட்டுகிறார், பாவம், அவருக்கு வேறு வழியும் இல்லை.

காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சு, புரிகிறது. சிட்டு கெட்டிக்காரிதான், நானும் மறுக்கவில்லை. ஆனால் நிஜப் பள்ளிக்கூடத்தில் பொத்தான் தட்ட ஆள் கிடையாது. பதின்மூன்று வயதுப் பிள்ளைகள் சிரித்தால் அவளைப் பார்த்துத்தான் சிரிப்பார்கள். மதியம் யார் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடுவாள்? ஓட்டப் பந்தயத்தில் யாரோடு ஓடுவாள்? இதை நினைத்தால் எனக்குப் பயமாக இருக்கிறதம்மா. படிவத்தைக் கிழித்துப் போடு. பிள்ளை பிள்ளையாக இருக்கட்டும்.

மாப்பிள்ளைக்கு என் வணக்கம். நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல், தொலைக்காட்சியும் இல்லாமல், நீண்ட நாள் வாழ வாழ்த்தும்,
உன் அண்ணன்.

பின்குறிப்பு: உறையில் போடுவதற்கு முன் சிட்டுவைச் சிரிக்க வைக்கலாமே என்று இதை அவளுக்குப் படித்துக் காட்டினேன். பாலைவனத்துக்கு விழுந்து விழுந்து சிரித்தாள். கடைசியில், மதியம் யாரோடு சாப்பிடுவாள் என்று எழுதியிருக்கிறேனே, அந்த இடத்தில் மட்டும் சிரிக்கவில்லை.

"இப்போ மட்டும் யாரோட சாப்பிடறேன் மாமா?" என்றாள்.

"ஏன், உன் கூட்டாளிங்க?"

"பரீட்சையில எல்லாம் சரியா எழுதினா யாரும் பக்கத்துல உக்கார மாட்டாங்க. அதனால ஒவ்வொரு தடவையும் வேணும்னே ரெண்டு தப்பு விடுவேன். அந்த வாரம் உக்காருவாங்க."

"எந்த ரெண்டுன்னு எப்படி முடிவு பண்ணுவே?"

"டீச்சருக்கு சந்தேகம் வராத ரெண்டு."

மூன்று வருடமாக மேதையாக நடிப்பவர்களைப் பார்த்துப் பார்த்து, முட்டாளாக நடிக்கும் ஒரு பிள்ளை என் வீட்டுக் கூடத்திலேயே உட்கார்ந்திருந்தது எனக்குத் தெரியவில்லை. உன் கண்ணைக் குறை சொன்னேன், என் கண் மட்டும் என்ன வாழ்கிறது. தொடரைத் திட்டியதை மட்டும் வைத்துக்கொள், மற்றதையெல்லாம் அடித்துவிடு. திங்கட்கிழமை கையெழுத்துப் போடு. அங்கேயாவது அவள் விடும் தப்பு நிஜத் தப்பாக இருக்கட்டும்.